கனவுக்குள் விழித்திருப்போர்

சேர்பிய எழுத்தாளரான மிலோராட் பாவிச் என்பவர் 1984ஆம் ஆண்டில் கசார் அகராதி என்னும் பெயரில் ஒரு நாவலை வெளியிட்டார். நாவல் என்று சொன்னேனாயினும், அது அகராதி போலவே சொற்றலைப்புக்களாக வகுக்கப்பட்டது. படிப்பவர் தாம் விரும்பிய இடத்திற் புகுந்து, விரும்பிய வழியாக வெளியேறலாம். ஆண் பதிப்பு, பெண் பதிப்பு என இரண்டு பதிப்புக்கள் வேறு அதற்கு உண்டு. ஒரே ஒரு பந்தியில் மட்டுமே அவை வேறுபடும். கசார்கள் என்போர் கற்பனை மாந்தரல்லர். கஸ்பியன் கடலுக்கும் கருங்கடலுக்கும் இடைப்பட்ட நிலத்தை ஏழாம் நூற்றாண்டு முதல் பத்தாம் நூற்றாண்டு வரை ஆண்ட துருக்கிய இனத்தவர் அவர். ஆனால் பாவிச் அவர்கள் நடுவே உலாவவிட்ட ஒரு கூட்டம் முழுக்க முழுக்க அவருடைய படைப்பேயாகும். கனவு வேட்டையர் என்பது அக்கூட்டத்தின் பெயர்.

இந்த வேட்டையர் பிறருடைய கனவுகளிற் புகுவர், அங்கே வாழ்வர், ஒருவர் கனவிலிருந்து இன்னொருவர் கனவுக்குத் தாவி, தாம் தேடும் பொருளைத் துரத்திப் பிடிப்பர். ஆதிமனிதனாகிய ஆதாமின் உடலில் ஒவ்வொரு துணுக்கு ஒவ்வொரு மனிதனின் கனவிலும் ஒளிந்து கிடக்கின்றது என்பதும், அத்துணுக்குகளைச் சேர்த்து அவ்வுடலை மீண்டும் ஆக்கிவிடலாம் என்பதும் அவர்களுடைய கொள்கை. அதே நூலில் வரும் இருவரில் ஒருவர் விழித்திருந்து செய்வதை எல்லாம் மற்றவர் தம் நித்திரையிற் காண்கின்றார்.

பாவிச்சுக்கு முன்னும் இத்தகைய கதைகள் இருந்தன. ஜோர்ஜ் டு மோரியே 1891இல் எழுதிய பீற்றர் இபெற்சன் என்னும் நாவலில், சிறையில் அடைபட்ட ஒருவனும் அவன் விரும்பிய மங்கையும் ஆண்டுக்கணக்காகக் கனவிலே சந்தித்து வாழ்கின்றனர். றட்யாட் கிப்ளிங் 1895இல் எழுதிய ஒரு சிறுகதையில், நேரிற் பழகியிராத இருவர் ஒரே கனவு நாட்டில் உலாவுகின்றனர். கதாசிரியர்கள் எல்லோரும் கனவு காண்பவனுக்கு ஒரு துணையையோ ஒரு கூட்டத்தையோ கொடுத்துவிடுவதைக் கவனியுங்கள். உண்மை வாழ்வில் அவனுக்குக் கிட்டாதது அதுதான்.

தாம் காண்பது கனவென்று கனவுக்குள்ளேயே அறிகின்றவர்கள் நம்மிடையே மெய்யாகவே இருக்கின்றனர். நேயர்களிற் பலரும் ஒரு முறையேனும் இதை அனுபவித்திருக்கக்கூடும். சாதாரணக் கனவில் நாம் எதையும் ஐயுறுவதில்லை. இறந்து பல்லாண்டு கழிந்த தந்தையார் முற்றத்திற் சாய்மனைக் கதிரையில் இருந்து நம்மோடு பேசுவார். நாமும் மறுமொழி சொல்லிக்கொண்டிருப்போம். படித்த பள்ளிக்கூடம் கடலின் நடுவே நிற்கும். அதிலும் நமக்கு வியப்புத் தோன்றாது. எப்போதாவது ஒரு முறை, அக்காட்சியின் நடுவிலேயே, "தந்தையார் இறந்துவிட்டாரே, அப்படியானால் இது கனவல்லவா?" என்று ஓர் எண்ணம் மின்னலடிக்கும். அவ்வெண்ணம் எழுந்தவுடன் பெரும்பாலோர் விழித்துவிடுவர். விழிக்காமல், கனவென்று தெரிந்துகொண்டே அதனுள் தொடர்ந்து நிற்பவர் மிகச் சிலர். அவர்கள் காண்பதற்குத் தெளிவுக் கனவு என்று பெயர். வெவ்வேறு நாடுகளில் எடுக்கப்பட்ட கணிப்புக்களைச் சேர்த்துப் பார்த்தால், வாழ்நாளில் ஒரு முறையாவது தெளிவுக் கனவு கண்டதாகக் கூறுவோர் ஏறக்குறையப் பாதிப்பேர். அடிக்கடி காண்போர் அவர்களிலும் மிகக் குறைவானவர்.

சாக்கிரம், சொப்பனம், சுழுத்தி, துரியம், துரியாதீதம் என ஐந்து அவத்தைகளை எண்ணிப் பழகிய நமக்கு, சாக்கிரமும் சொப்பனமும் ஒன்றினுள் ஒன்று புகுந்த இந்நிலையை எந்தப் பெட்டியில் வைப்பது என்று திகைப்பு ஏற்படுவது இயல்பே. மேல்நாட்டவருக்கும் அந்தத் திகைப்பு இருந்தது. நித்திரை கொள்பவனின் உள்ளத்தில், தோன்றுவது கனவே என்று கூறும் ஒன்று பல வேளை இருப்பதுண்டு என அரிஸ்ரோட்டில் குறித்துச் சென்றார். கி.பி. 415இல் புனித அகுஸ்தீன் எழுதிய கடிதமொன்றில், கார்த்தேஜ் நகரத்து வைத்தியரான கெனாடியஸ் என்பவரின் கனவு விவரிக்கப்படுகின்றது. கனவில் ஓர் இளைஞன் தோன்றி, "உமது உடல் இப்போது எங்கே உள்ளது?" என்று வினவினான். "என் படுக்கையில்" என்றார் வைத்தியர். "உமது கண்கள் மூடியிருக்கின்றன என்பதை அறிவீரா?" "அறிவேன்." "அவ்வாறாயின் என்னைக் காண்கின்ற இக்கண்கள் எவை?" வைத்தியருக்கு விடை தோன்றவில்லை. மரணத்தின் பின்னும் உயிருக்குக் காட்சி உண்டு என நிறுவவே அகுஸ்தீன் இதனை எடுத்தாண்டார். நமக்கு வேண்டியது அம்முடிபன்று. மூடிய கண்களைப் பற்றி எழுந்த அவ்வினாவையே 1,560 ஆண்டுகளின் பின் வேறொருவர் வேறு விதமாகக் கையாண்டார். அதற்குப் பின்னர் வருவோம்.

மறைவான கனவுச் சங்கம் என்று சொல்லத்தக்க ஒன்று எங்கேனும் இருந்ததாயின், அதற்கு மிக அருகில் வருவது திபெத்து நாட்டுப் பௌத்தரின் வழக்கமாகும். பதினோராம் நூற்றாண்டில் வாழ்ந்த நாரோபர் என்னும் இந்திய சித்தர் பெயரால் வழங்கும் ஆறு யோகங்களில் கனவு யோகமும் ஒன்று. அவருடைய மாணாக்கரான மார்பா அதனைத் திபெத்துக்குக் கொண்டுசென்றார். கனவைக் கனவென்று அறிதல், கனவிற் கண்ட பொருளை வேறொன்றாக மாற்றுதல், தீயைக் கண்டு அஞ்சாது அதன்மேல் நடத்தல் என்று பயிற்சி படிப்படியாக வளரும். குருவின் அனுமதியின்றி இதைப் பயிலலாகாது என்பது விதி. எனினும், அங்கும் நித்திரைக்குள் ஒவ்வொருவரும் தனித்தவரே. குருவும் சீடரும் ஒரே கனவிற் கூடி இருந்ததை அறிய வழியில்லை.

மேற்கே இதைத் தம் வாழ்நாள் ஆராய்ச்சியாகக் கொண்ட முதல்வர் பிரெஞ்சுக்காரரான எர்வே த சேன் தெனி பிரபு ஆவார். 1822இற் பிறந்த அவர், சீனமொழிப் புலவராக விளங்கி, 1874 முதல் பாரிஸ் நகரத்துக் கொலேஜ் த பிரான்ஸ் என்னும் உயர் கல்விக் கழகத்திற் சீனமொழிப் பேராசிரியராக இருந்தவர். ஆனால் பதின்மூன்று வயதிலேயே அவர் வேறொரு வேலையைத் தொடங்கிவிட்டார். ஒவ்வொரு நாளும் துயிலெழுந்தவுடன் கண்ட கனவை எழுதினார், சித்திரமும் வரைந்தார். அவ்வாறு 1,946 இரவுகளின் கனவுகள் 22 குறிப்பேடுகளை நிரப்பின. சில மாதங்களுக்குள், கனவைக் கனவென்று அறியும் பழக்கம் அவருக்கு வாய்த்துவிட்டது.

அவர் வெறுமனே கண்டு மகிழ்ந்தவரல்லர், சோதித்துப் பார்த்தார். தென் பிரான்சிலுள்ள ஒரு மலைநாட்டில் நண்பர் வீட்டில் தங்கியிருந்த நாள்களில் ஒரு குறிப்பிட்ட வாசனைத் தைலத்தை மட்டுமே பூசிக்கொண்டார்; ஊர் திரும்பியதும் அதை அடைத்து வைத்துவிட்டார். பல மாதங்களின் பின், தமக்கு முன்னறிவித்தல் இன்றி ஏதேனும் ஓரிரவில் தம் தலையணையில் சில துளிகளைத் தெளிக்குமாறு வேலைக்காரனைப் பணித்தார். தெளித்த இரவில் மலைநாடு கனவில் வந்தது. பின்னர், ஓவியக் கூடத்தோடு தொடர்புபடுத்திய இன்னொரு தைலத்தையும் முதலாவதையும் ஒரே இரவிற் கலந்து தெளிக்கச் செய்தார். மலைநாட்டு வீட்டுக்குள்ளே அவருடைய ஓவிய ஆசிரியர் வந்து நுழைந்தார்!

கனவிற் சாகலாமா என்று அறியும் பொருட்டு, ஒரு முறை கனவென்று நன்கு தெரிந்த நிலையில் உயர்ந்த வீட்டின் உச்சியிலிருந்து குதித்தார். குதித்த கணத்திற் காட்சி மாறிற்று. அவர் தேவாலய முன்றலிற் கூட்டத்தோடு கூட்டமாக நின்றார். கோபுரத்திலிருந்து விழுந்து இறந்த எவனோ ஒருவனைச் சுற்றி மக்கள் கூடியிருந்தனர். தான் அறிந்திராத ஒன்றைக் கனவு காட்டாது என்று அவர் கொண்ட கொள்கைக்கு இது பொருத்தமாகவே இருந்தது.

இவ்வளவையும் கனவுகளும் அவற்றை வழிநடத்தும் வகைகளும் என்னும் நூலாக 1867இல் அவர் வெளியிட்டபோது, அதில் தம் பெயரைப் பொறிக்கவில்லை. மதிப்புடைய அறிஞர் ஒருவர் தம் கனவுகளுக்குத் தாமே சாட்சி என்று ஊர் முன் வந்து நிற்கக் கூசினார் போலும். நூலோ விரைவிற் கிடைத்தற்கு அரியதாயிற்று. கனவுகளின் பொருள் பற்றி 1900ஆம் ஆண்டளவில் பெருநூல் எழுதிய சிக்மண்ட் பிராய்ட் கூட, முயன்றும் இந்நூலைப் பெற இயலவில்லை என்று குறிப்பிட்டிருக்கின்றார்.

கூச்சம் அடுத்தவரையும் விடவில்லை. பிரெடெரிக் வான் ஈடன் ஒல்லாந்து நாட்டு மனநோய் வைத்தியர், புகழ்பெற்ற எழுத்தாளர், தாகூரின் கீதாஞ்சலியை ஒல்லாந்த மொழிக்குப் பெயர்த்தவரும் இவரே. 1898 சனவரி முதல் 1912 டிசெம்பர் வரையிலான ஏறத்தாழப் பதினைந்து ஆண்டுகளில் 352 தெளிவுக் கனவுகளை இவர் பதிவு செய்தார். ஆனால் அவற்றை முதலில் வெளியிட்டது ஒரு நாவலின் போர்வையிலேயாம். கற்பனைக் கதை என்றால் மனம் விட்டுப் பேசலாம் என்பது அவர் கூறிய காரணம். 1913இல், இலண்டனிலிருந்த ஒரு சங்கத்தின் வெளியீட்டில், கட்டுரை வடிவில் உண்மையை எழுதினார். ஆவி, முன்னறிவு முதலியவற்றை ஆராயவென 1882இல் நிறுவப்பெற்ற சங்கம் அது. தெளிவுக் கனவு என்னும் பெயர் ஆங்கிலத்தில் நிலைபெற்றது அக்கட்டுரையாலேயாம்.

வான் ஈடனின் கூரிய நோக்கு படிப்பவரை வியக்க வைப்பது. ஒரு கனவில், மேசைமீதிருந்த மதுக் கிண்ணத்தைக் கைமுட்டியால் ஓங்கி அடித்தார், அது உடையவில்லை. சற்றுக் கழித்துத் திரும்பிப் பார்த்தால் உடைந்து கிடந்தது, தன் முறை வந்ததை மறந்து பின்னர் மேடைக்கு ஓடிவரும் நடிகனைப் போல. கனவுலகம் மெய்யுலகை எவ்வளவு திறமையாகப் பாவனை செய்யினும் சிறுசிறு பிழை விட்டுவிடும் என்று அவர் உணர்ந்தார். இன்னொரு முறை, தம் இடது உள்ளங்கையில் உமிழ்நீரால் ஒரு சிலுவைக்குறி வரைந்தார். விழித்தபின் அது அங்கே இருக்குமா? விழித்தார், கையைக் கன்னத்தில் வைத்தார், ஈரம் பட்டது. ஆனால் அந்த விழிப்பும் கனவு. நெடுநேரத்தின் பின் உண்மையாகவே விழித்தபோது, மூடிய கை அசையாது மார்பின்மேல் கிடந்ததை உணர்ந்தார்.

அந்த ஈரச் சிலுவையிலேதான் முழுச் சிக்கலும் அடங்கியிருக்கின்றது. கனவுக்குள் செய்த எந்தக் குறியும் வெளியே வராது. ஆகவே கனவு கண்டவனுடைய சொல்லைத் தவிர வேறு சான்று இல்லை. அச்சொல்லோ விழித்த பிறகு சொல்லப்படுவது. அவர் கண்டது கனவே அன்று, இடையில் சில செக்கன் விழித்திருந்தபோது எண்ணியதைக் கனவென்று மயங்கினார் என்று உடலியலார் கூறினர். அமெரிக்கத் தத்துவ அறிஞரான நோர்மன் மல்கம் 1959இல் வெளியிட்ட நூலில் இன்னும் ஒரு படி மேலே சென்றார். நித்திரையில் இருக்கும் ஒருவன் எதைப் பற்றியும் தீர்ப்புச் செய்ய முடியாது. 'நான் நித்திரை கொள்கின்றேன்' என்று ஒருவன் மெய்யாகவே கூறுவானாயின் அவன் நித்திரையில் இல்லை என்பதற்கு அதுவே சான்று என்றார். கேட்பதற்கு மறுக்கவொண்ணா வாதமாகவே இருந்தது.

தீர்வு வந்த வழி எதிர்பாராதது. 1953இல் சிக்காகோச் சர்வகலாசாலையில் யூஜீன் அசெரின்ஸ்கி, நதானியேல் கிளைற்மன் என்னும் இருவர், நித்திரையின் சில பகுதிகளில் மூடிய இமைகளின் கீழ்க் கண்கள் விரைந்து அசைவதைப் பதிவு செய்து வெளியிட்டனர். அசெரின்ஸ்கி தம் எட்டு வயது மகனுக்கு மின்வாய்களைப் பொருத்திப் படுக்க வைத்தே முதலில் இதனைக் கண்டார். ஏறக்குறைய ஒன்றரை மணிக்கு ஒரு முறை மீளும் இந்நிலையில் எழுப்பப்பட்டவர்களிற் பெரும்பாலோர் கனவு கண்டுகொண்டிருந்ததாகக் கூறினர். அவ்வேளையில் மூளை விழிப்பு நிலையைப் போன்றே சுறுசுறுப்பாக இயங்கும். உடலோ கட்டுண்டு கிடக்கும். கனவில் ஓடுபவன் படுக்கையிலிருந்து எழுந்து ஓடாதபடி, மூளையின் அடித்தண்டு தசைகளைத் தளர்த்தி வைக்கின்றது. சுவாசத்திற்குரிய தசையும் கண்களை அசைக்கும் தசைகளுமே பெரும்பாலும் இத்தளைக்கு அகப்படாதவை.

கண்கள் மட்டும் சுயாதீனமாக இருக்கின்றன என்றால், கனவு காண்பவன் அவற்றால் செய்தி அனுப்பலாமல்லவா? இங்கிலாந்தின் ஹல் நகரச் சர்வகலாசாலையில் ஆராய்ச்சி செய்துகொண்டிருந்த கீத் ஹேர்ண் என்பவருக்குத் தோன்றிய எண்ணம் இதுவே. சிறுவயது முதல் தெளிவுக் கனவு காண்பவரான அலன் வேர்ஸ்லி அவருக்குத் துணைவராக வாய்த்தார். கனவென்று அறிந்த கணத்தில், கனவிலுள்ள கண்களை இடமும் வலமுமாக எட்டு முறை திருப்ப வேண்டும் என்பது ஏற்பாடு. 1975ஆம் ஆண்டு ஏப்பிரில் 12ஆந் திகதி காலை, வேர்ஸ்லி நித்திரையில் இருந்தார். தசைகள் தளர்ந்திருந்தன, மூளை அலைகள் கனவு நித்திரைக்குரியனவாக இருந்தன. ஒழுங்கற்று நடுங்கிக்கொண்டிருந்த கண்கோடு திடீரென அளந்து வரைந்தாற்போல அகன்ற அலைகளாக எழுந்து, குறித்த எண்ணிக்கைப்படி இடமும் வலமும் சென்று, மீண்டும் ஒழுங்கற்றதாயிற்று. கெனாடியஸ் வைத்தியரின் மூடிய கண்கள் ஒருவாறு விடை கூறிவிட்டன. மல்கம் முடியாதென்று வாதித்த அத்தீர்ப்பை ஒருவர் நித்திரைக்குள் இருந்தே செய்து, அதனை வெளியே அறிவித்தும் விட்டார்.

ஹேர்ணின் வேலை அப்போது பரவலாக அறியப்படவில்லை. அதனை அறியாமலே அமெரிக்காவில் ஸ்ரான்போர்ட் சர்வகலாசாலையின் ஸ்ரீபன் லபேர்ஜ் அதே வழியிற் சென்று, 1981இல் ஐந்து பேரின் பதிவுகளோடு முடிவுகளை வெளியிட்டார். தலைசிறந்த விஞ்ஞானச் சஞ்சிகைகள் ஏற்க மறுத்தமையால் வேறொரு சஞ்சிகையிலேயே அது வந்தது. தந்திக் கந்தோரில் வேலை பார்த்த நேயர்கள் சுவைக்கத்தக்க செய்தி ஒன்று அதில் உண்டு. லபேர்ஜ் கனவிலே தம் இடக் கையை மும்முறையும், பின் இடம், வலம், இடம், இடம் என்ற முறையிலும் இறுக மூடினார். இடக் கை புள்ளி, வலக் கை கோடு. மோர்ஸ் முறையில் அவை அவருடைய பெயரின் முதலெழுத்துக்கள் இரண்டு. கைகள் படுக்கையில் மூடவில்லை. ஆயினும் தளையையும் மீறி முன்கைத் தசைகளில் மெல்லிய துடிப்புக்கள் பதிவாயின.

இம்முறையால் ஒரு பழைய வழக்கும் தீர்ந்தது. பிரெஞ்சு அறிஞர் அல்பிரட் மோறி, கட்டிலின் மேற்சட்டம் கழுத்தில் விழுந்த கணத்தில், பிரெஞ்சுப் புரட்சி, விசாரணை, கொலைக்களம், கத்தி எனும் நீண்ட கனவு முழுவதையும் கண்டதாக எழுதியதிலிருந்து, கனவுக்காலம் கண்ணிமைப்பொழுதே என்று பலரும் நம்பி வந்தனர். லபேர்ஜின் துணைவர்கள் கனவில் பத்து வரை எண்ணி, தொடக்கத்திலும் முடிவிலும் கண்ணாற் குறி செய்தனர். இரு குறிகளுக்கும் இடைப்பட்ட நேரம், விழிப்பில் எண்ணுவதற்கு எடுக்கும் நேரத்தோடு ஏறக்குறைய ஒத்திருந்தது.

இதனைத் தாமும் பயிலலாமா என்று கேட்போருக்கு ஒரு சொல். பகலிற் பலமுறை 'இது கனவா?' என்று தம்மைத் தாமே வினவுதலும், ஏட்டில் ஒரு வரியை இருமுறை படித்துப் பார்த்தலும் வழக்கமான பயிற்சிகள். கனவில் எழுத்துக்கள் இரண்டாம் முறை அப்படியே நிற்பது அரிது. விடியற்புறம் விழித்து, மீண்டும் கண்ணயருமுன், 'கனவென்று அறிவேன்' என்று உறுதி கொள்ளுதல் இன்னொன்று. தீக்கனவால் வருந்துவோர் சிலருக்கு இது உதவியிருக்கின்றது. எனினும், நித்திரையைக் குலைத்துச் செய்யும் பயிற்சியை நித்திரை குறைந்தோரும் மனநோயால் வருந்துவோரும் விளையாட்டாகத் தொடங்குதல் தகாது.

கனவிலிருந்து செய்தி வெளியே வந்தது சரி. வெளியிலிருந்து உள்ளே போகுமா? அமெரிக்கா, பிரான்ஸ், ஜேர்மனி, ஒல்லாந்து ஆகிய நாடுகளின் நான்கு ஆராய்ச்சிக் குழுவினர் 36 பேரைக் கொண்டு இதைச் சோதித்து, 2021இல் முடிவை வெளியிட்டனர். கனவு நித்திரையில் இருப்பவரிடம் மெல்லிய குரலில் எட்டிலிருந்து ஆறு போனால் எத்தனை என்று கேட்டனர். இமைகளின் கீழ்க் கண்கள் இருமுறை இடமும் வலமும் சென்றன. இப்படி 158 முறை வினவியதிற் சரியான விடை வந்தது 29 முறை. பிழையான விடை ஐந்து முறை. விடை தெளிவில்லாதவை 28. எஞ்சியவற்றில் விடையே இல்லை. பெரிய வெற்றியென்று கொண்டாடத்தக்க எண்ணிக்கையன்று. ஆயினும் சரியான விடைகள் பிழைகளைப் போல் ஆறு மடங்காக இருந்தமையை வெறும் தற்செயல் எனத் தள்ளிவிட முடியாது.

அவ்வினாக்கள் உள்ளே எவ்வாறு சென்று சேர்ந்தன என்பது விந்தையானது. சிலருக்கு அது வானத்திலிருந்து வரும் குரல் போலக் கேட்டது. ஒருவருக்கோ, கனவில் இருந்த மோட்டார் வண்டியின் வானொலிப் பெட்டியிலிருந்து கணக்கு ஒலித்தது. வானொலியில் வருவதற்கு மறுமொழி சொல்லும் வழக்கம் நேயர்களுக்கு இல்லை, அவர் சொன்னார். இன்னொன்றையும் அவ்வாராய்ச்சியாளர் குறித்திருக்கின்றனர். கனவுக்குள் வினாவைச் சரியாகக் கேட்டு விடையும் அளித்த சிலர், விழித்தெழுந்த பின் அவ்வினாவைத் திரித்துக் கூறினர். சிலருக்கு அது நினைவிலேயே இல்லை. கடதாசியிற் பதிந்த கண்கோடு ஒன்று கூற, விழித்தவரின் வாய் வேறொன்று கூறிற்று. சேன் தெனி பிரபுவின் 22 குறிப்பேடுகளும் விழித்தபின் எழுதப்பட்டவையே.